ஈம் கிராமத்துக்கு அரை நாள் கொடுங்கள்

பிரித்தானியாவில் தமிழ்க் குடும்பங்களுக்காக ஒருநாள் சுற்றுலாக்களை நடத்திவரும் ஏற்பாட்டாளர்களுக்கு,

வணக்கம்.

சென்ற கோடையில் உங்களில் ஒருவர் நடத்திய பயணத்துக்கு என் தாயாரையும் மகளையும் அழைத்துக்கொண்டு நானும் வந்திருந்தேன். அவர் யார் என்பதை இங்கே எழுதப்போவதில்லை. சாட்ஸ்வொர்த் மாளிகைக்கு மூன்று மணி நேரம், பேக்வெல் கடைத்தெருவுக்கு ஒன்றரை மணி நேரம், டெர்பிஷயர் மலைச்சரிவில் இருக்கும் அந்தச் சிறிய கிராமத்துக்கு 35 நிமிடம் என்று அட்டவணை போட்டிருந்தார்கள். துண்டறிக்கையில் கிராமத்தின் பெயர்கூட இல்லை. 'பேய்க் கிராமம்' என்று மட்டும் அச்சிட்டிருந்தார்கள். வண்டி நிற்பதற்கு முன்பே வழிகாட்டி ஒலிவாங்கியை எடுத்து, எயாம் என்னும் இந்த ஊரில் பிளேக் வந்தபோது அரசாங்கம் மக்களை உள்ளே வைத்து அடைத்துவிட்டது, எல்லோரும் செத்துப்போனார்கள் என்று சொல்லி முடித்தார்.

ஊர்க்காரர்கள் தம் ஊரை ஈம் என்றுதான் சொல்கிறார்கள். அவர்களை அரசாங்கம் அடைத்து வைக்கவில்லை. எல்லோரும் இறந்துபோகவும் இல்லை. இறந்தவர்கள் போக எஞ்சியவர்கள் உழுது, சுரங்கம் தோண்டி, பிள்ளை பெற்று அதே ஊரில்தான் வாழ்ந்தார்கள். இந்தத் திருத்தங்களைச் சொல்ல எனக்கு அங்கே வாய்ப்புக் கிடைக்கவில்லை. இறங்கிய நாற்பது பேரும் தேவாலயத்தை ஒட்டியுள்ள பழைய கல்வீடுகளின் முன்னால் நின்று படம் எடுக்கத் தொடங்கிவிட்டோம். அவை காட்சிக்கு வைத்த வீடுகள் அல்ல, மக்கள் குடியிருக்கும் வீடுகள். நாங்கள் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது உள்ளேயிருந்து ஒரு கை நீண்டு சன்னலின் திரைச்சீலையை இழுத்து மூடியது. நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

என் கோரிக்கை ஒன்றுதான். ஈம் கிராமத்துக்கு அரை நாள் ஒதுக்குங்கள். முடியாதென்றால் அதை உங்கள் அட்டவணையிலிருந்து எடுத்துவிடுங்கள்.

நடந்த கதை உங்களுக்குத் தெரியாததன்று. 1665ஆம் ஆண்டு இலண்டனிலிருந்து ஒரு தையற்காரருக்கு வந்த துணிப்பொதி ஈரமாக இருந்ததால் அவருடைய வேலையாள் ஜார்ஜ் விக்கர்ஸ் அதைப் பிரித்து அடுப்பருகே காயவைத்தார் என்பதும், அதிலிருந்து நோய் தொற்றிச் செப்டெம்பர் முதல் வாரத்திலேயே அவர் இறந்தார் என்பதும், 1666 நவம்பர் தொடக்கத்தில் நோய் ஓய்வதற்குள் 260 பேர் மாண்டார்கள் என்பதும் எல்லா வழிகாட்டி நூல்களிலும் இருக்கின்றன. ஆனால் அந்த ஊரை மற்ற ஊர்களிலிருந்து பிரித்துக் காட்டுவது சாவின் எண்ணிக்கையன்று. 1666 ஜூன் மாதம் அவர்கள் எடுத்த முடிவு. நோய் அயலூர்களுக்குப் பரவாதிருக்க ஊர் எல்லையை யாரும் தாண்டக்கூடாது. தேவாலயத்தைப் பூட்டிவிட்டுக் கக்லெட் டெல்ஃப் என்னும் பள்ளத்தாக்கில் திறந்தவெளியில் குடும்பம் குடும்பமாக விலகி நின்று வழிபட வேண்டும். அவரவர் வீட்டுப் பிணத்தை அவரவரே அவரவர் நிலத்தில் புதைத்துக்கொள்ள வேண்டும். இதற்கு மக்களை இணங்க வைத்தவர் இளம் பாதிரியார் வில்லியம் மாம்பெசன் என்று சொல்வோர், அவருக்குப் பக்கத்தில் நின்ற தாமஸ் ஸ்டான்லியை மறந்துவிடுகிறார்கள். புதிய வழிபாட்டுச் சட்டத்துக்கு உடன்படாததால் 1662இல் அதே தேவாலயத்தின் பாதிரியார் பொறுப்பிலிருந்து விலக்கப்பட்டவர் ஸ்டான்லி. ஊர் அவர் சொல்லைத்தான் நம்பியது. கொள்கையால் எதிரெதிரே நின்ற இருவரும் சேர்ந்து பேசியிராவிட்டால் அந்த எல்லைக்கோடு ஒரு வாரம்கூட நின்றிருக்காது என்பது என் எண்ணம்.

அவர்களைத் தெய்வங்களாக்கிப் பேசுங்கள் என்று நான் கேட்கவில்லை. மாம்பெசன் தம் இரு குழந்தைகளையும் முன்கூட்டியே வெளியூருக்கு அனுப்பிவிட்டார். மனைவி கேத்தரின் அவருடனேயே இருந்து, 1666 ஆகஸ்ட் இறுதியில் இறந்தார். அவருடைய கல்லறை, நீங்கள் எங்களை இறக்கிவிட்ட இடத்திலிருந்து சில நிமிட நடையில் இருக்கிறது. அன்று வண்டியில் வந்த ஒருவரும் அதைப் பார்க்கவில்லை.

இரண்டு வாரம் கழித்துத் தாயாரை மட்டும் அழைத்துக்கொண்டு மறுபடியும் போனேன். ஊரிலிருந்து ஏறக்குறைய அரை மைல் தொலைவில், சரிவான புல்வெளியின் நடுவே, இடுப்பளவுகூட உயரமில்லாத ஒரு வட்டக் கற்சுவர் இருக்கிறது. உள்ளே ஆறு நடுகற்களும் மேசை போன்ற ஒரு கல்லறையும் உள்ளன. எலிசபெத் ஹான்காக் என்ற பெண் 1666 ஆகஸ்ட் 3 முதல் 10 வரை, எட்டே நாளில், தம் கணவரையும் ஆறு பிள்ளைகளையும் இந்த மேட்டில் புதைத்தார். வெட்டியான் இல்லை, பாதிரியார் இல்லை, தூக்கிவர நான்கு பேர் இல்லை. குழியையும் அவரே தோண்டினார். நோய் தொற்றிவிடும் என்ற அச்சத்தால் பிணத்தின் காலில் துணியைக் கட்டி இழுத்துவந்தார் என்றும், எதிர்க்குன்றிலிருந்து ஸ்டோனி மிடில்டன் ஊர்க்காரர்கள் அதைப் பார்த்துக்கொண்டே நின்றார்கள் என்றும் சொல்வார்கள். அவர்களால் கிட்டே வர முடியாது. இவரும் அவர்களைக் கூப்பிடவில்லை.

என் தாயார் சுவரின் வெளிப்பக்கத்தில் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு உள்ளே போனார். ஒவ்வொரு கல்லாக எண்ணினார். "ஈமக்கடன் செய்யக்கூட ஆளில்லாத ஊருக்கு ஈம் என்றா பெயர் வாய்க்க வேண்டும்" என்றார். இரு சொற்களுக்கும் தொடர்பில்லை என்பது அவருக்கும் தெரியும். ஆங்கிலம் தெரியாத, எழுபதைக் கடந்த அவருக்கு அந்த இடத்தில் விளக்கம் எதுவும் தேவைப்படவில்லை. அங்கே நடந்து போக நேரம் மட்டும் தேவைப்பட்டது. அந்த நேரத்தைத்தான் நீங்கள் அவருக்குக் கொடுக்கவில்லை.

மறுபக்கம் வயல்வழியில் எல்லைக்கல் கிடக்கிறது. அதன் மேல் குடைந்திருக்கும் குழிகளில், காசு வழியாக நோய் தொற்றாதிருக்கக் காடியை (வினிகரை) ஊற்றி, ஊர்க்காரர்கள் காசைப் போட்டு வைப்பார்கள். வெளியூர்க்காரர்கள் காசை எடுத்துக்கொண்டு உணவை வைத்துவிட்டுப் போவார்கள். குழிக்குள் விரலை விட்டுப் பார்த்தேன். விளிம்பு மழுமழுவென்று தேய்ந்திருந்தது. அடைபட்டுக் கிடந்த அந்த மக்களுக்கு உணவு கொடுத்து உதவியவர் அப்போதைய டெவன்ஷயர் பிரபு. அவருடைய சாட்ஸ்வொர்த் மாளிகையில்தான் நீங்கள் எங்களை மூன்று மணி நேரம் சுற்றிக் காட்டினீர்கள். இரண்டு இடங்களுக்கும் உள்ள இந்த உறவைப் பற்றி வண்டியில் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் மாளிகையும் எங்களுக்கு வேறு மாதிரி தெரிந்திருக்கும்.

அதற்கு மேலும் பார்க்க அங்கே நிறைய உண்டு. தேவாலய முற்றத்தில் ஆங்கிலோ-சாக்சன் காலத்துக் கற்சிலுவை நிற்கிறது. ஈயச் சுரங்கம் தோண்டிப் பிழைத்த ஊர் அது. ஆனா சீவர்ட் என்ற கவிஞர் 1742இல் பிறந்ததும் அங்கேதான். 1994இல் திறக்கப்பட்ட அருங்காட்சியகம் இவற்றையெல்லாம் பொறுமையாக விளக்குகிறது. அதற்கு மட்டுமே ஒரு மணி நேரம் வேண்டும்.

ஒரே நாளில் ஐந்து இடம், ஏழு இடம் என்று எண்ணிக்கை காட்டிக் கட்டணம் வாங்கும் பழக்கம் உங்களுக்குள் போட்டியாகவே வளர்ந்துவிட்டது. எங்கள் பிள்ளைகள் ஊர் ஊராக இறங்குகிறார்கள், படம் எடுக்கிறார்கள், ஏறுகிறார்கள். எந்த ஊரிலும் ஒரு வயல்வரப்பில்கூட நடந்ததில்லை. அன்று வீடு திரும்பும்போது என் மகள், "அந்த ஊரில் பேய் எங்கே இருந்தது?" என்று கேட்டாள். எட்டு நாளில் ஆறு பிள்ளைகளைப் புதைத்த ஒரு தாயின் ஊரைப் பற்றி அவளுக்குக் கிடைத்தது அந்த ஒரு சொல்தான். இதைக் கோபமில்லாமல் எழுத என்னால் இயலவில்லை, பொறுத்தருளுங்கள்.

பயணம் நடத்துவதில் உங்களுக்குள்ள சிரமங்களை நான் அறிவேன். வண்டி வாடகை, ஓட்டுநரின் வேலை நேரம், குழந்தைகளின் பசி ஆகியவற்றைச் சமாளித்துத்தான் எங்களை அழைத்துப் போகிறீர்கள். என் தாயாரைப் போன்றவர்கள் வீட்டை விட்டு வெளியே வருவதே உங்களால்தான். அந்த நன்றியோடுதான் மீண்டும் கேட்டுக்கொள்கிறேன்: ஈம் கிராமத்துக்கு அரை நாள் கொடுங்கள். துண்டறிக்கையிலிருந்து 'பேய்' என்ற சொல்லை எடுத்துவிட்டு ஊரின் பெயரைப் போடுங்கள். குடியிருப்போரின் வீடுகளுக்கு முன்னால் கூட்டத்தை நிறுத்த வேண்டாம். தேவாலய முற்றத்துக்கும், ஹான்காக் குடும்பத்தின் கல்லறைகளுக்கும், நடக்க முடிந்தவர்களை எல்லைக்கல்லுக்கும் அழைத்துப் போங்கள்.

ஆண்டுதோறும் ஆகஸ்ட் கடைசி ஞாயிற்றுக்கிழமை அங்கே மாண்டவர்களை நினைவுகூரும் வழிபாடு நடக்கிறது. அந்த நாளையொட்டி ஒரு பயணத்தை நீங்கள் ஒழுங்குசெய்தால், கதை சொல்லிக்கொண்டு கூட நடந்துவர நான் அணியமாக இருக்கிறேன். கட்டணம் எதுவும் வேண்டாம். என் தாயாருக்கும் மகளுக்கும் இரண்டு இருக்கைகளுக்கு மட்டும் இப்போதே பெயர் கொடுத்து வைக்கிறேன்.

இப்படிக்கு,
உங்கள் பயணிகளில் ஒருவர்