படம் ஏற்றித் தருவதில்லை: வாடிக்கையாளர்களுக்கு ஒரு மடல்

அன்புள்ள வாடிக்கையாளர்களுக்கு வணக்கம்.

புது டிவிக்குப் பில் போட்டதும் பலர் கேட்பது, "எல்லாப் படமும் ஓசியில் வருகிற அந்த ஆப்பையும் போட்டுக் கொடுத்துடுங்க" என்பதுதான். பென்டிரைவில் புதுப்படம் கேட்பவர்களும் உண்டு. இரண்டையும் நாங்கள் செய்வதில்லை. வெறுமனே முடியாது என்று சொல்லி அனுப்பினால் மனத்தாங்கல் வரும். அதனால் விவரமாகவே எழுதுகிறோம்.

சட்டத்தை முதலில் சொல்லிவிடுகிறோம். காசு வாங்கிப் படம் ஏற்றித் தந்தால் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 63ஆம் பிரிவுப்படி 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. தமிழ்நாட்டில் 2004 முதல் வீடியோ திருட்டு குண்டர் சட்டத்துக்குள்ளும் வருகிறது. ஆனால் போலீஸ் பயம் மட்டுமே காரணம் என்றால் இந்த மடலே தேவையில்லை.

ஒரு பாட்டையே எடுத்துக்கொள்வோம். 2012ல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தியதிலிருந்து, திரையரங்குக்கு வெளியே சினிமாப் பாட்டு பயன்படும்போது கிடைக்கும் ராயல்டியில் பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் பங்கு உண்டு. சட்டப்படியான வாரிசுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ தவிர வேறு யாருக்கு அந்த உரிமையை அவர்களே எழுதிக் கொடுத்தாலும் செல்லாது. முறையான ஆப்பில் பாட்டு ஓடினால் அது கணக்கில் ஏறும். டெலிகிராமில் இறக்கிய எம்பி3 எந்தக் கணக்கிலும் ஏறாது. படங்களிலும் இதே நிலைதான். பெரிய நடிகர் படம் ஓரளவு தாங்கும். புது இயக்குநரின் சின்னப் படம் முதல் மூன்று நாளில் வரும் கூட்டத்தையும், பிறகு ஓடிடியில் வரும் விலையையும் நம்பியே நிற்கிறது. வெளியான வெள்ளி இரவே திருட்டுப் பிரிண்ட் வந்துவிட்டால் இரண்டிலும் அடி விழும்.

"நான் பார்க்க மட்டும்தானே இறக்குகிறேன்" என்பார்கள். பலர் ஒரே கோப்பைத் துண்டு துண்டாகப் பகிர்ந்துகொள்ளும் டொரண்டில் அது உண்மையில்லை. உங்களுக்கு இறங்கிய துண்டுகள் அப்போதே உங்கள் இணைப்பிலிருந்து அடுத்தவருக்குப் போய்க்கொண்டிருக்கும். பார்ப்பவரே விநியோகஸ்தரும் ஆகிவிடுகிறார்.

அடுத்து, டிவியில் செருகும் பெயர் தெரியாத ஆண்ட்ராய்டு பெட்டிகள். "வாழ்நாள் முழுக்க இலவசம்" என்று விற்கும் இவற்றைப் பற்றித்தான் மிகவும் கவலைப்படுகிறோம். பேட்பாக்ஸ் 2.0 என்ற தீநிரல் (மால்வேர்) பற்றி அமெரிக்காவின் எஃப்பிஐ 2025 ஜூனில் எச்சரித்தது. அடுத்த மாதம் கூகுள் வழக்குத் தொடுத்தபோது, கூகுள் சான்று இல்லாத ஒரு கோடிக்கும் மேற்பட்ட கருவிகளில் அது புகுந்திருப்பதாகச் சொன்னது. பல பெட்டிகளில் அது தொழிற்சாலையிலேயே உள்ளே போய்விடுகிறது. பிறகு உங்கள் வீட்டு இணைப்பை யாருக்கோ வாடகைக்கு விடுகிறது. எங்கோ ஒருவர் செய்யும் மோசடி உங்கள் ஐபி முகவரியில், அதாவது உங்கள் இணைய இணைப்பின் அடையாள எண்ணில், பதிவாகும். ஆப்களைச் சோதிக்கும் கூகுளின் ப்ளே ப்ரொடெக்ட்டை அணைக்கச் சொன்னாலோ, ப்ளே ஸ்டோருக்குப் பதில் வேறு ஏதோ ஸ்டோர் இருந்தாலோ அந்தப் பெட்டியை வைஃபையிலிருந்து உடனே கழற்றுங்கள். ஆழத்தில் பதிந்த தீநிரல் ஃபேக்டரி ரீசெட்டில் போகாது.

இந்தப் பெட்டிகளில் காசு கட்டிய ஓடிடியும் மங்கலாகவே தெரியும். எச்டி தரத்துக்குப் பெட்டியில் வைட்வைன் எல்1 பாதுகாப்பு வேண்டும். வைட்வைன் என்பது படத்தை நகலெடுக்க விடாத கூகுளின் பூட்டு, எல்1 அதன் உயர்ந்த நிலை. எல்3 என்ற கீழ்நிலை மட்டும் இருந்தால், அட்டையில் 4கே என்று போட்டிருந்தாலும் பெரும்பாலும் 480பி அளவில்தான் படம் வரும். டிஆர்எம் இன்ஃபோ என்ற ஆப்பில் இதைப் பார்த்துக்கொள்ளலாம். குறை பெட்டியில் இருக்க, சந்தாவைத் திட்டிப் பயனில்லை.

செலவு அதிகம் என்பது நியாயமான குறை. ஐந்து ஓடிடிக்கும் சேர்த்துக் கட்டத் தேவையில்லை. உங்கள் ரீசார்ஜ், பிராட்பேண்ட் திட்டத்தோடு ஏற்கெனவே எது வருகிறது என்று முதலில் பாருங்கள். மாதம் ஒன்றாக மாற்றி மாற்றி எடுங்கள். எடுத்த கையோடு யுபிஐ ஆப்பில் ஆட்டோபேயை ரத்து செய்யுங்கள், அந்த மாதம் முடியும்வரை படம் ஓடும். மலிவான மொபைல் திட்டம் டிவியில் ஓடாது, அதைப் பார்த்து வாங்குங்கள். நெட்ஃபிளிக்ஸ் கணக்குப்படி எச்டிக்கு மணிக்கு 3 ஜிபி, 4கேக்கு 7 ஜிபி வரை ஆகும். நாளுக்கு 1.5 ஜிபி மொபைல் டேட்டா எச்டியில் அரை மணி நேரத்தில் தீர்ந்துவிடும். ஆப்பில் டேட்டா அளவை மீடியத்தில் வைத்தால் மணிக்கு 0.7 ஜிபிதான்.

காசில்லாமல் பார்க்கவும் முறையான வழி உண்டு. தூர்தர்ஷனை நடத்தும் பிரசார் பாரதியின் வேவ்ஸ் என்ற ஓடிடி 2024 நவம்பரில் வந்தது. தயாரிப்பாளர்களே யூடியூபில் ஏற்றியிருக்கும் பழைய படங்கள் ஏராளம். எங்குமே கிடைக்காத பழைய படத்தைத் தேடுபவரின் ஆதங்கம் எங்களுக்கும் புரிகிறது, அந்தக் குறையை உரிமையாளர்கள்தான் தீர்க்க வேண்டும். ஆனால் போன வாரம் வந்த படத்துக்கு அந்தச் சாக்கு பொருந்தாது.

வேறிடத்தில் வாங்கிய பெட்டியானாலும் கொண்டுவாருங்கள், சோதித்துச் சொல்கிறோம், கட்டணம் இல்லை. அடாப்டரையும் ரிமோட்டையும் மறக்காமல் எடுத்து வாருங்கள்.

இப்படிக்கு,
டிவி விற்பனை, பழுதுபார்ப்புக் கடையினர்