பெயரை வைத்து ஊரைச் சொல்லலாமா?

ஆசிரியருக்கு வணக்கம்,

பண்டைய ஏதென்ஸ் அடிமைகள் பற்றிய கட்டுரை நன்றாக இருந்தது. ஆனால் பெயரை வைத்தே அவர்கள் எந்த இனம் என்று கண்டுபிடித்துவிடலாம் என்பதுபோல் எழுதியிருப்பது கொஞ்சம் அவசரம். சிரியாக்காரருக்கு சிரோஸ், லிடியாக்காரருக்கு (லிடியா இன்றைய துருக்கியின் மேற்கில் இருந்த நாடு) லிடோஸ் என்று பெயரிடும் வழக்கத்தை பழைய கிரேக்கப் புவியியலாளர் ஸ்ட்ராபோவே சொல்கிறார், சரி, ஆனால் அந்தப் பெயரை வைத்தது யார்? எஜமானர்தானே!

கி.மு. 414 வாக்கில் ஏதென்ஸில் குடியேறி வாழ்ந்த கெபிசோடோரோஸ் என்பவரின் சொத்து ஏலம்போனபோது அவருடைய 16 அடிமைகளையும் திரேசியப் பெண் (கிரீஸுக்கு வடகிழக்கே இருந்த திரேஸ் பகுதி) 165 டிராக்மா (கிரேக்க வெள்ளிக் காசு), காரியச் சிறுவன் (இன்றைய துருக்கியின் தென்மேற்கில் இருந்த காரியா) 174, சிரியர் 301 என்றெல்லாம் கல்லில் வெட்டி வைத்தார்கள், பெயர்கூட இல்லை, இனமும் விலையும்தான். இது வாங்குபவர்களுக்கான அடையாளம். வெவ்வேறு மொழி பேசிய கூட்டங்களை எல்லாம் சேர்த்து 'திரேசியர்' என்று கிரேக்கர்கள் ஒரே பெயரில் அழைத்ததையும் மறக்கக்கூடாது.

ஏதென்ஸைச் சுற்றியுள்ள அட்டிகா பகுதியின் வெள்ளிச் சுரங்க வட்டாரத்தில் கிடைத்த அட்டோட்டாஸின் கல்லறைக் கவிதை வேறு மாதிரி. அடிமையாக இருந்திருக்கலாம் எனக் கருதப்படும் அந்தச் சுரங்கத் தொழிலாளி, கருங்கடல் கரையில் இருந்து வந்த பாப்லகோனியன், டிராய் போர்க் கதையில் வரும் கிரேக்க வீரன் அக்கிலீஸ் கையால் இறந்த பாப்லகோனிய அரசன் பைலைமினிஸின் வம்சம் என்று பெருமை பேசுகிறான், அதுவும் கிரேக்க மொழியில், கிரேக்கக் கதையைப் பிடித்துக்கொண்டு! இந்த ஆளைப் பற்றி ஒரு வரியாவது எழுதியிருக்கலாம்.

ஒரு வாசகர், திருச்சி