மதுரையை ஒரே நாளில் சுற்றிக் காட்டுபவர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதுரையில் ஒருநாள் சுற்றுலா நடத்தும் நிறுவனத்தாருக்கும், கூடவே வரும் வழிகாட்டி நண்பர்களுக்கும் வணக்கம்.

மீனாட்சியம்மன் கோயிலில் பகல் பன்னிரண்டரைக்கு நடை சாத்தினால் மாலை நான்கு மணிக்குத்தான் திறப்பார்கள் என்பதை நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அந்த வாசலிலேயே நின்று பிழைப்பவர்கள் நீங்கள். அப்படியிருந்தும் உங்களில் பலர் கொடுக்கும் அட்டவணையில் காலை முதல் இடம் திருப்பரங்குன்றம், அடுத்தது காந்தி மியூசியம், அதற்கப்புறம்தான் கோயில். வண்டி வந்து நிற்கும்போது மணி பதினொன்றரையைத் தொட்டுவிடுகிறது. நான் கேட்க வந்தது ஒன்றே ஒன்றுதான். கோயிலைக் காலையில் முதல் இடமாக வையுங்கள், அங்கே மூன்று மணி நேரமாவது கொடுங்கள், அந்த மூன்று மணி நேரமும் வழிகாட்டி எங்களோடு இருக்கட்டும்.

நான் பிறந்து வளர்ந்தது மதுரையில்தான். இப்போது ஊரில் எங்களுக்கு வீடு இல்லை. கடந்த வைகாசியில் என் மாமியாரைக் கோவையிலிருந்து அழைத்து வந்தபோது, வண்டி, சாப்பாடு, வழிகாட்டி எல்லாம் ஒரே கட்டணத்தில் சேர்ந்திருக்கிறதே என்று ஒரு சுற்றுலாவில் பதிவு செய்தோம். அத்தைக்கு வயது எழுபத்திரண்டு. முழங்கால் வலி உண்டு. எட்டு இடம், பத்து இடம் என்று அவர் ஆசைப்படவில்லை. மீனாட்சியம்மன் கோயிலுக்குள் இருக்கும் வெள்ளியம்பலத்தில் கால் மாறி ஆடிய நடராசரை ஒருமுறை கண்ணாரப் பார்த்துவிட வேண்டும் என்பதுதான் அவர் பல வருடங்களாகச் சொல்லிக்கொண்டிருந்தது. மற்ற தலங்களில் இடக்கால் தூக்கி ஆடுபவர், பாண்டியன் கேட்டுக்கொண்டதற்காக இங்கே வலக்காலைத் தூக்கி ஆடுகிறார் அல்லவா, அந்தக் கதை அத்தைக்கு அத்தனை பிடிக்கும்.

வண்டியிலிருந்து இறங்கும்போதே வழிகாட்டி, "செருப்பை வண்டியிலயே விட்ருங்க, டோக்கன் போட்டு வாங்குறதுக்குள்ள நேரம் போயிரும்" என்றார். எல்லோரும் விட்டோம். 2018 பிப்ரவரியில் வீரவசந்தராயர் மண்டபத்தில் தீப்பிடித்ததற்குப் பிறகு கைபேசியை உள்ளே கொண்டுபோக முடியாது என்பதும் நீங்கள் அறிந்ததே. அதையும் வாசலில் ஒப்படைத்தோம். அஷ்டசக்தி மண்டபத்தில் நின்று இரண்டு நிமிடம் ஏதோ சொன்னார். பிறகு, "தரிசனம் முடிச்சிட்டுப் பன்னெண்டரைக்குக் கிழக்கு வாசலுக்கு வந்துருங்க, நான் வெளிய நிக்கிறேன்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். அத்தை வெள்ளியம்பலத்தைப் பற்றிக் கேட்டதற்கு வந்த பதில், "அதுக்கெல்லாம் நேரம் இல்ல பாட்டி."

அம்மன் சந்நிதி வரிசையிலேயே பெரும்பகுதி நேரம் கரைந்தது. சுவாமி சந்நிதிக்குப் போகும்போது நடை சாத்தப் போகிறார்கள் என்று கூட்டம் முண்டியடித்ததில் அத்தையின் கை என் கையைவிட்டு நழுவியது. அவர் ஒருபக்கம் தள்ளப்பட்டார், நான் ஒருபக்கம் தள்ளப்பட்டேன். கையில் போன் இல்லை. நான்கு பக்கமும் ஒன்றுபோல் கோபுரம் நிற்கிற கோயிலில் வெளியூர் மனுஷிக்கு எது கிழக்கு, எது தெற்கு? அத்தை தெற்குக் கோபுர வாசல் வழியாக வெளியே வந்துவிட்டார். யாரையோ கேட்டுக்கொண்டு, கல் பாவிய சித்திரை வீதியில் பன்னிரண்டரை மணி வெயிலில், வெறுங்காலோடு கிழக்கு நோக்கி நடந்திருக்கிறார். முழங்கால் வலிக்காரரால் சூடு பொறுக்காமல் ஓடவும் முடியாது. கிழக்கில் அம்மன் சந்நிதி வாசல் ஒன்று, கிழக்குக் கோபுர வாசல் ஒன்று என இரண்டு இருப்பதை யாரும் அவருக்குச் சொல்லவில்லை. முதலில் கண்ட வாசலில் நிழல் தேடி உட்கார்ந்துவிட்டார். வழிகாட்டி மற்றதில் நின்றுகொண்டிருந்தார்.

நான் அவரைக் கண்டுபிடித்தபோது ஒரு பூக்காரம்மா தன் சாக்கை விரித்து அவரை உட்கார வைத்து, பூவுக்குத் தெளிக்க வைத்திருந்த தண்ணீரை அவர் பாதத்தில் ஊற்றிக்கொண்டிருந்தார். இரண்டு உள்ளங்காலிலும் கொப்புளம். அந்தம்மா தன் செருப்பையே கழற்றிக் கொடுத்து, "வண்டி வரைக்கும் போட்டுட்டுப் போங்க, நான் யாரையாச்சும் விட்டு வாங்கிக்கிறேன்" என்றார். வாகனங்கள் சித்திரை வீதிக்குள் வர முடியாது என்பதால் எங்கள் வண்டி வெகு தொலைவில் நின்றது. அங்கே போய்ச் சேர்ந்ததும் எங்களுக்குக் கிடைத்த வரவேற்பு இதுதான்: "உங்களாலதாங்க எல்லாருக்கும் லேட்டு."

இந்த வார்த்தையை நான் இன்னும் மறக்கவில்லை. செருப்பை வண்டியில் விடச் சொன்னது யார்? வயதானவரைக் கூட்டத்தில் விட்டுவிட்டு வெளியே போய் நின்றது யார்? அத்தை ஒன்றும் சொல்லவில்லை. வண்டியில் இருந்த எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டுக்கொண்டே போய் உட்கார்ந்தார். மன்னிப்புக் கேட்க வேண்டியவர் அவரல்ல.

அன்று பிற்பகல் ஒரு ஜவுளிக்கடையிலும் கைவினைப்பொருள் கடையிலுமாகச் சேர்த்து எங்களை ஒன்றேகால் மணி நேரம் உட்கார வைத்தார்கள். அங்கே மட்டும் யாருக்கும் அவசரம் இல்லை. காப்பி கொடுத்து, சுங்குடிச் சேலைகளை ஒவ்வொன்றாக விரித்துக் காட்டினார்கள். அந்தக் கடைகளில் உங்களுக்குக் கமிஷன் உண்டு என்பதும், வழிகாட்டிகளில் பலருக்கு அதை விட்டால் சொல்லிக்கொள்ளும்படி வருமானம் இல்லை என்பதும் எனக்குப் புரியாமல் இல்லை. கடையே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் கடைக்கு ஒன்றேகால் மணி நேரம், கோயிலுக்கு ஐம்பது நிமிடம் என்ற கணக்கை யார் போட்டாலும் அது மதுரை பார்க்க வந்தவர்களுக்கு இழைக்கும் அநியாயம்தான்.

அந்த ஐம்பது நிமிடத்தில் என்னென்ன விட்டுப்போயிற்று என்பதை உள்ளூரில் வளர்ந்தவள் என்ற உரிமையில் சொல்கிறேன். அரியநாத முதலியார் 1569இல் கட்டிய ஆயிரங்கால் மண்டபத்தை நாங்கள் பார்க்கவே இல்லை. அதில் உண்மையில் 985 தூண்கள்தான் என்று சொன்னால் எந்தப் பிள்ளையும் நின்று எண்ணிப் பார்க்கும். கம்பத்தடி மண்டபத்தில் திருமால் தாரை வார்த்துக் கொடுக்கும் மீனாட்சி திருக்கல்யாணச் சிற்பத்தில், மணப்பெண்ணின் வெட்கத்தைக் கல்லில் காட்டியிருக்கிறான் சிற்பி. அதன் எதிரே ஒரு நிமிடமாவது நிற்காமல் எப்படிக் கடந்து போவது? முக்குறுணி விநாயகரை வரிசையில் நகர்ந்தபடியே கும்பிட்டோம். திருமலை நாயக்கர் தம் அரண்மனைக்குச் செங்கல் அறுக்க மண் தோண்டியபோது இந்தப் பிள்ளையார் கிடைத்தார், தோண்டிய பள்ளமே வண்டியூர் மாரியம்மன் தெப்பக்குளம் ஆயிற்று என்பார்கள் எங்கள் ஊரில். கோயில், அந்த அரண்மனையான மகால், தெப்பக்குளம் மூன்றும் உங்கள் அட்டவணையில் இருக்கின்றன. மூன்றையும் கோத்துச் சொல்ல இந்த ஒரு கதை போதும். எங்களுக்குத் தெப்பக்குளம் காட்டப்பட்டதோ ஓடும் வண்டியின் சன்னல் வழியாக. "லெஃப்ட்ல பாருங்க, தெப்பக்குளம்." அவ்வளவுதான்.

இதே கோயிலுக்குள் 1939 ஜூலை 8 அன்று வைத்தியநாத ஐயர் தலைமையில் கக்கன் உள்ளிட்ட தோழர்கள் நுழைந்தார்கள். அதுவரை உள்ளே விடப்படாத மக்களுக்கு அன்றுதான் கதவு திறந்தது. எங்கள் வண்டியில் கல்லூரிப் பிள்ளைகள் சிலர் இருந்தார்கள். அவர்கள் காதில் இது விழுந்திருக்க வேண்டாமா? காந்தி மியூசியத்தில் அண்ணலின் இரத்தக்கறை படிந்த துணியைக் காட்டினீர்கள், சரி. அவர் 1921 செப்டம்பர் 22 அன்று மேலாடையைத் துறந்து அரையாடைக்கு மாறியது மேலமாசி வீதி வீட்டில். கோயிலிலிருந்து நடந்து போகிற தூரம்தானே? எந்த அட்டவணையிலும் அந்த வீட்டுக்கு ஐந்து நிமிடம்கூடக் காணோம்.

மகாலிலும் இதே கதைதான். எந்தெந்த சினிமாவுக்கு அங்கே ஷூட்டிங் நடந்தது என்பதை வழிகாட்டி விரிவாகச் சொன்னார். 1636இல் எழும்பிய அரண்மனையில் இன்று நிற்பது ஒரு பகுதிதான் என்பதையோ, சொக்கநாத நாயக்கர் காலத்தில் பலவற்றைப் பெயர்த்துத் திருச்சிக்குக் கொண்டுபோனார்கள் என்பதையோ, இடிந்து கிடந்ததை 1866க்கும் 1872க்கும் இடையில் அன்றைய சென்னை ஆளுநர் நேப்பியர் பிரபு புதுப்பித்ததையோ, 1970 வரை அங்கே நீதிமன்றம் நடந்ததையோ சொல்லவில்லை. அந்தத் தூண்களில் பேர் கிறுக்கி வைத்திருக்கிறார்களே, அதைச் செய்யாதீர்கள் என்று பிள்ளைகளிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அதுவும் இல்லை.

இது மதுரையோடு நிற்பதும் இல்லை. காஞ்சிபுரத்தையும் மாமல்லபுரத்தையும் சேர்த்து ஒரே நாளில் காட்டுகிறார்கள். காஞ்சிக் கோயில்களும் நண்பகலில் நடை சாத்துபவைதான். பூட்டிய கதவைப் பார்த்துவிட்டுத் திரும்பிய சொந்தக்காரர்கள் எனக்கே உண்டு. பெண்களுக்குச் சுத்தமான கழிப்பறை எங்கே இருக்கிறது, எத்தனை மணிக்கு அங்கே வண்டி நிற்கும் என்பதை எந்தச் சுற்றுலாத் தாளிலாவது எழுதியிருக்கிறதா? காலையில் வண்டி ஏறினால் மதியச் சாப்பாடு வரை தண்ணீரே குடிக்காமல் வரும் அம்மாமார்கள் ஒவ்வொரு வண்டியிலும் இருக்கிறார்கள். கேட்கக் கூச்சப்பட்டுப் பேசாமல் வருகிறார்கள். பணம் கட்டி வருகிறவர்களை இப்படி வதைக்க நமக்கு எப்படி மனம் வருகிறது?

கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். கேட்க வந்ததைக் கேட்டுவிடுகிறேன்.

இடங்களின் எண்ணிக்கை குறைந்தால் ஆள் வரமாட்டார்கள் என்பீர்கள். திருப்பரங்குன்றம், அழகர்கோயில், பழமுதிர்சோலை எல்லாம் இருந்தால்தான் தாளைக் கையில் வாங்குகிறார்கள் என்பீர்கள். அது ஓரளவு உண்மையும்கூட. ஆனால் கோயில் அதிகாலை ஐந்து மணிக்கே திறக்கிறது. ஆறரைக்குப் போனால் கல் சுடாது, வரிசையும் குறைவு. மூன்று மணி நேரம் நிதானமாகப் பார்த்து வெளியே வரும்போது மகால் திறந்திருக்கும். பத்து மணிக்குக் காந்தி மியூசியமும் திறந்துவிடும். வெயில் தாழ்ந்த பிறகு திருப்பரங்குன்றத்தில் ஒரு தரிசனம். அழகர்கோயிலையும், அங்கிருந்து மலைப்பாதையில் ஏறிப் போகும் பழமுதிர்சோலையையும் இன்னொரு நாளுக்கென்று தனியாகவே வைக்கலாம். விடுதியில் காலைச் சாப்பாடு ஏழரைக்குத்தான் என்றால், கோயில் முடித்துவிட்டு மாசி வீதிப் பக்கம் இட்லி சாப்பிட மாட்டோம் என்றா சொல்வோம்? மதுரை இட்லிக்கு யார் மறுப்புச் சொல்வார்கள்?

ஆகவே மறுபடியும் பணிவோடு கேட்கிறேன். கோயிலை முதலில் வையுங்கள், மூன்று மணி நேரம் கொடுங்கள், வழிகாட்டி கூடவே இருக்கட்டும். செருப்பை வண்டியில் விடச் சொல்லாமல், போகும் வாசலிலேயே வைத்து அதே வாசலில் எடுக்கச் சொல்லுங்கள். கைபேசியை ஒப்படைக்கும் முன் ஒவ்வொருவர் கையிலும் ஒரு சீட்டுக் கொடுங்கள். எந்த வாசலில் கூட வேண்டும், கோபுரத்தின் பெயர் என்ன, பக்கத்தில் அடையாளம் என்ன, வழிகாட்டியின் எண் என்ன என்று நான்கு வரி போதும். வழிதவறியவர் அதைக் காவலரிடம் காட்டினால் அவரே பேசிவிடுவார். அறுபது தாண்டியவர்கள் வண்டியில் இருந்தால், வரிசையில் அவர்களோடு நிற்க உங்கள் ஆள் ஒருவரை அனுப்புங்கள். அதற்காகக் கட்டணத்தில் கொஞ்சம் கூட்டினாலும் நாங்கள் கொடுப்போம். கடைக்குப் போவதென்றால் எத்தனை மணி நேரம் என்பதையும் தாளில் முன்கூட்டியே எழுதிவிடுங்கள். வேண்டாம் என்பவர்கள் அந்த நேரத்தில் வேறு இடத்தில் இறங்கிக்கொள்வார்கள்.

வெயில் காலத்துக்கான புது அட்டவணையை நீங்கள் அச்சடிக்கும் முன் இந்த மடல் உங்கள் கண்ணில் பட வேண்டும் என்று விரும்புகிறேன். அடுத்த தை மாதம் அத்தையை மறுபடியும் அழைத்து வருகிறேன் என்று வாக்குக் கொடுத்திருக்கிறேன். கோயிலைக் காலையில் முதலில் காட்டுகிற, வழிகாட்டி கடைசிவரை கூட வருகிற சுற்றுலா உங்களில் யாரிடமாவது இருந்தால் தெரியப்படுத்துங்கள். அதிலேயே பதிவு செய்கிறோம்.

இப்படிக்கு,
மாசி வீதியில் வளர்ந்த ஒருத்தி