பிளேட்டோவும் அன்றைக்கு அங்கே இல்லை

அன்புள்ள குமரனுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே நலம். உன் நலமும் மருமகள், குட்டி நலமும் அறிய ஆவல். வாட்ஸப் இருக்கும்போது கடிதம் எதற்கு என்பாய். போனில் என்றால் நீ அழ ஆரம்பிப்பாய், நான் பேச்சை மாற்றிவிடுவேன். பதினாறாம் நாள் விசேஷத்தன்றும் அதுதான் நடந்தது. "ஆச்சி எங்கயாவது இருப்பாங்களாம்மா?" என்று கேட்டாய். நான் "சாப்பிட்டியா?" என்று கேட்டேன். 33 வருஷம் கணக்கு டீச்சராக இருந்தவள் நான். பிள்ளை கேட்ட கேள்விக்குப் பதில் சொல்வதற்குள் மணி அடித்துவிட்ட மாதிரி அன்றிலிருந்து ஒரு உறுத்தல்.

மச்சில் நீ விட்டுப்போன அட்டைப்பெட்டியைக் கரையான் அரித்திருக்கிறதா பார்க்கலாம் என்று திறந்தேன். மேலாக இருந்தது கிரேக்க ஞானி பிளேட்டோவின் புத்தகம். காலேஜில் வாங்கியிருக்கிறாய். முதல் இருபது பக்கம் பென்சில் கோடு, அதற்கப்புறம் பக்கமெல்லாம் புத்தம் புதுசு. நீ எவ்வளவு படித்தாய் என்று இப்போது தெரிந்துபோயிற்று. அதில் 'ஃபீடோ' என்று ஒன்று இருக்கிறது. சாக்ரடீஸ் சிறையில் விஷம் குடித்துச் செத்த நாளில் நடந்த பேச்சு. இங்கிலீஷ்தான். அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு மூன்று மாதத்தில் இரண்டு தடவை படித்துவிட்டேன்.

எடுத்த எடுப்பிலேயே, ஃபீடோ என்ற சீடரிடம் ஒரு கேள்வி. "ஃபீடோ, சாக்ரடீஸ் விஷம் குடித்த அன்றைக்கு நீ கூட இருந்தாயா, இல்லை, யாரும் சொல்லிக் கேட்டாயா?" கேட்கிறவர் எகெக்ரடிஸ். ஏதென்ஸிலிருந்து தள்ளி, ஃபிலியஸ் என்ற ஊர்க்காரர். விஷம் குடித்துச் செத்தார் என்பது மட்டும் அவருக்குத் தெரியும். அதற்கு மேல் விவரம் சொல்ல அந்தப் பக்கத்திலிருந்து ஆள் யாரும் வரவில்லை. ஃபீடோ உட்கார்ந்து ஒன்று விடாமல் சொல்கிறார். யார் யார் இருந்தார்கள் என்று பட்டியல் போடுகிறார். நடுவில் ஒரு வரி: "பிளேட்டோவுக்கு உடம்பு சரியில்லை என்று நினைக்கிறேன்."

அந்த இடத்தில் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். எழுதுவதே பிளேட்டோ! தன் புத்தகங்களில் அவர் தன் பெயரைச் சொல்லும் இடங்களே மிகக் குறைவு. அதில் ஒன்று, நான் அங்கே இல்லை என்று சொல்வதற்கு. குருவின் கடைசி நாளில் இல்லாதவர், அந்த நாளை இல்லாத இன்னொருவருக்குச் சொல்வது போல எழுதி வைத்திருக்கிறார். நெய்ப்பந்தம் பிடிக்கப் பேரன் நான் இல்லையே என்று நீ சொன்னதையே நினைத்துக்கொண்டிருந்தேன், அதனால்தான் உடனே எழுதவேண்டும் என்று தோன்றியது.

கி.மு. 399. சாக்ரடீஸுக்கு வயது 70. தீர்ப்பு வந்த மறுநாளே தண்டனை நடந்திருக்கும். ஆனால் ஏதென்ஸிலிருந்து வருஷாவருஷம் டீலோஸ் தீவுக்கு ஒரு கப்பல் போகும், அப்போலோ தெய்வத்துக்கு நேர்ச்சை. அது போய்த் திரும்பும் வரை ஊர் சுத்தமாக இருக்கவேண்டும், யாரையும் கொல்லக்கூடாது. காற்று எதிராக அடித்தால் கப்பல் தாமதமாகும். அந்தத் தடவை 30 நாள் ஆனதாக சாக்ரடீஸின் இன்னொரு சீடர் செனபோன் எழுதியிருக்கிறார். அந்த ஒரு மாதமும் நண்பர்கள் தினமும் காலையில் சிறைக்கு வந்து, கதவு திறக்கும் வரை வெளியே பேசிக்கொண்டு நிற்பார்களாம். நமக்கு நேர்மாறு. உன் விமானம் வந்துவிடாதா என்று நாங்கள் பார்த்துக்கொண்டிருந்தோம். அவர்கள் கப்பல் வந்துவிடக்கூடாதே என்று இருந்திருக்கிறார்கள்.

கப்பல் வந்துவிட்டது. அன்று காலை உள்ளே போனபோது விலங்கை அப்போதுதான் கழற்றியிருக்கிறார்கள். பக்கத்தில் மனைவி ஸாந்திப்பி, கையில் சின்னப் பிள்ளை. அவள் ஓவென்று அழ, வீட்டுக்குக் கூட்டிப்போகச் சொல்லிவிடுகிறார். (இது எனக்குப் பிடிக்கவே இல்லை. அழுதால் அழட்டுமே. சாயங்காலம் அங்கிருந்த ஆம்பளைகளும்தானே அழுதார்கள்?) அப்புறம் கட்டிலில் உட்கார்ந்து, விலங்கு போட்டிருந்த காலைத் தேய்த்துவிட்டுக்கொண்டே, வலி போன இடத்தில் எவ்வளவு சுகமாக இருக்கிறது, இரண்டும் ஒரே தலையில் ஒட்டிக்கொண்ட ஜோடி மாதிரி என்கிறார். சாவைப் பற்றிய பேச்சு கால் தேய்ப்பதிலிருந்து ஆரம்பிக்கிறது.

கிரேக்கர்கள் எல்லோரும் ஆன்மா அழியாது என்று நிம்மதியாக இருந்தவர்கள் என்று நினைத்திருந்தேன். அப்படியில்லை. பழைய கவி ஹோமரின் காவியத்தில் செத்தவர்கள் வெறும் நிழல்கள். அவர் கதாநாயகன் ஒடிஸியஸ் தன் அம்மாவைப் பாதாளத்தில் பார்த்து மூன்று தடவை கட்டிப்பிடிக்கப் போகிறான், மூன்று தடவையும் கனவு மாதிரி நழுவிவிடுகிறாள். தூரதேசம் போன மகனை நினைத்து ஏங்கியே அவள் செத்தாளாம். பயப்படாதே, எனக்கு பி.பி. மட்டும்தான், அதற்கும் மாத்திரை போடுகிறேன்.

ஆக, சிறையில் செபிஸ் என்ற இளைஞன் கேட்பது ஊரெல்லாம் இருந்த பயம். உடம்பை விட்டு வெளியே வந்ததும் ஆன்மா மூச்சு மாதிரி, புகை மாதிரி கலைந்துபோய்விட்டால்? சாக்ரடீஸ் கிண்டல் செய்கிறார்: பெருங்காற்று அடிக்கும் நாளில் செத்தால் அடித்துக்கொண்டு போய்விடும் என்று குழந்தை போலப் பயப்படுகிறீர்கள். செபிஸும் சிரித்துக்கொண்டே, எங்களுக்குள்ளே ஒரு குழந்தை இருக்கிறது, சாவைப் பூச்சாண்டி என்று நினைத்து அதுதான் பயப்படுகிறது என்கிறான். பயம் போகும்வரை தினமும் அந்தக் குழந்தைக்கு மந்திரம் பாடுங்கள் என்கிறார் அவர். பூச்சாண்டி என்று நானாகப் போடவில்லை. கிரேக்கத்தில் பிளேட்டோ போட்ட சொல்லே பிள்ளைகளைப் பயமுறுத்தும் பூதத்தின் பெயர்தானாம்.

சரி, ஆன்மா அழியாது என்பதற்கு சாக்ரடீஸ் சொல்லும் நிரூபணங்களுக்கு வருவோம். அது என் தொழில்.

முதலாவது: தூக்கத்திலிருந்து விழிப்பு, விழிப்பிலிருந்து தூக்கம், அதுபோல உயிரிலிருந்து சாவு என்றால் சாவிலிருந்து உயிர் வந்தாக வேண்டும். 'உறங்குவது போலும் சாக்காடு' என்று நீ ஐந்தாம் வகுப்பில் ஒப்பித்தது ஞாபகம் வந்திருக்கும். ஆனால் வள்ளுவர் உவமை சொல்கிறார், சாக்ரடீஸ் அதையே நிரூபணமாக்கப் பார்க்கிறார். பத்துக்கு மூன்று மார்க்.

இரண்டாவதுக்கு மனசார ஏழு போட்டேன். இரண்டு குச்சிகள் சமம் என்கிறோம். கூர்ந்து பார்த்தால் எந்த இரண்டும் அப்படியே சமமில்லை. அப்படியானால் 'சமம்' என்பதை எங்கே பார்த்தோம்? பிறப்பதற்கு முன்னால் எங்கோ பார்த்திருக்கிறோம், இங்கே ஞாபகப்படுத்திக்கொள்கிறோம் என்கிறார். குமரா, 33 வருஷம் கரும்பலகையில் நான் வரைந்த வட்டங்களில் ஒன்றுகூட வட்டமில்லை. சாக்பீஸ் கோணும், கை நடுங்கும். அந்தக் கோணல் வட்டத்தைப் பார்த்துக்கொண்டே கடைசி பெஞ்சுப் பிள்ளைக்குக்கூட அசல் வட்டம் எதுவென்று புரிந்துவிடும். எப்படி என்று ஒரு நாளும் நான் யோசித்ததில்லை. ஆனாலும் செபிஸும் அவன் நண்பன் சிம்மியாஸும் விடவில்லை. பிறப்புக்கு முன்னால் இருந்தது என்று காட்டினீர்கள், சரி. செத்த பிறகும் இருக்கும் என்பது எங்கே? பாதிக் கணக்குதான் ஆகியிருக்கிறது என்கிறார்கள். நல்ல மாணவர்கள்.

அப்புறம்தான் பெரிய இடி. சிம்மியாஸ் சொல்கிறான்: யாழில் சுருதி இருக்கிறது. கண்ணுக்குத் தெரியாதது, அழகானது. மரமும் தந்தியும்தான் மண்ணைச் சேர்ந்தவை. ஆனால் யாழை உடைத்தால் முதலில் போவது சுருதி, மரம் அங்கேயே கிடக்கிறது. ஆன்மாவும் அப்படியென்றால்? கூடத்து மூலையில் உறை போட்டு நிற்கிற என் வீணையைப் பார்த்தேன். இரண்டு தந்தி அறுந்து எத்தனையோ வருஷம் ஆயிற்று. மரம் பளபளவென்றுதான் இருக்கிறது.

செபிஸின் கேள்வி அதைவிட மோசம். ஒரு நெசவாளி ஆயுசுக்கும் எத்தனையோ துணி நெய்து உடுத்திக் கிழிக்கிறான். துணியைவிட அவன் உறுதிதான். ஆனால் கடைசியாக நெய்த துணி இருக்கிறதே, அது அவனுக்கு அப்புறமும் இருக்கும். ஆன்மாவும் பல உடம்பு எடுத்துக் களைத்து ஒரு கட்டத்தில் தீர்ந்துபோகாது என்பதற்கு என்ன நிச்சயம்? ஆச்சியின் பச்சைச் சுங்குடி இன்னும் பின்கட்டுக் கொடியில்தான் கிடக்கிறது. துவைத்துப் போட்டது ஆச்சியேதான். எடுத்து மடிக்க எனக்கு இன்னும் கை வரவில்லை.

சிறையில் எல்லோரும் வாயடைத்துப் போகிறார்கள். இனி எதை நம்புவது என்று ஆகிவிடுகிறது. அப்போது சாக்ரடீஸ், கீழே உட்கார்ந்திருந்த ஃபீடோவின் தலைமுடியைக் கோதிவிட்டு, "நாளைக்கு இந்த அழகான முடியை வெட்டிவிடுவாய், இல்லையா?" என்கிறார். துக்கத்துக்கு முடி எடுப்பது அங்கேயும் உண்டு. நம் வாதம் செத்து, அதற்கு உயிர் கொடுக்க நம்மால் முடியாவிட்டால் இன்றைக்கே நாம் இரண்டு பேரும் வெட்டிக்கொள்ளலாம் என்கிறார். இன்னும் சில மணி நேரத்தில் சாகப்போகிற மனுஷன், தன் நம்பிக்கையை உடைத்த பிள்ளைகள் மேல் கோபப்படவில்லை. மனுஷர்களை நம்பி நம்பி ஏமாந்தவன் கடைசியில் எல்லா மனுஷரையும் வெறுப்பான். அதுபோல வாதங்களை வெறுத்துவிடாதீர்கள் என்று எச்சரிக்கிறார். இந்த இரண்டு பக்கத்துக்காகவே புத்தகத்தை நீ முழுசாகப் படிக்கலாம்.

சிம்மியாஸுக்கு அவர் சொன்ன பதில்களில் ஒன்று என்னைப் பிடித்துக்கொண்டது. தந்தி எப்படியோ அப்படித்தான் சுருதி போகும், எதிர்த்துப் போகாது. ஆனால் தாகம் எடுக்கும்போது குடிக்காதே என்று உள்ளே ஒன்று தடுக்கிறதே, அது சுருதி செய்கிற வேலையா? 84 வயதில் சஷ்டி விரதம் இருந்து, காபியை மோந்து பார்த்துவிட்டுத் தள்ளி வைத்த ஆச்சியை நீ பார்த்திருக்கிறாய்.

கடைசி நிரூபணம்தான் ஏமாற்றம். நெருப்போடு சூடு வருகிற மாதிரி ஆன்மாவோடு உயிர் வருகிறது, அதனால் ஆன்மா சாவை ஏற்காது என்கிறார். ஆன்மா இருக்கும்வரை அது செத்ததாக இருக்க முடியாது, ஒத்துக்கொள்கிறேன். அது இல்லாமலே போகாது என்பது எந்த வரியில் வந்தது? நாலு மார்க். சிம்மியாஸுக்கும் உள்ளூர ஒரு சந்தேகம் மிச்சம் இருக்கிறது, வாய்விட்டுச் சொல்லியும் விடுகிறான். சரியாகச் சொன்னாய், ஆரம்பத்தில் எடுத்துக்கொண்டவற்றையே இன்னும் நன்றாகச் சோதித்துப் பாருங்கள் என்கிறார் சாக்ரடீஸ்.

அப்பாவிடம் இதையெல்லாம் சொன்னேன். அவர் எபிகூரஸ் என்ற கிரேக்க ஞானியின் கட்சி. நாம் இருக்கும்போது சாவு இல்லை, சாவு வரும்போது நாம் இல்லை, இதில் பயப்பட என்ன இருக்கிறது என்ற ஆள். ஆன்மாவும் அணுக்கள்தான், உடம்போடு சிதறிவிடும் என்றவர். அப்பாவுக்கு இது போதும், பேப்பரை விரித்துக்கொண்டார். எனக்கு எபிகூரஸின் தத்துவத்தைவிட அவர் சாகிற நாளில் எழுதிய கடிதம் பிடித்திருக்கிறது. நீர் பிரியாமல் தாங்க முடியாத வலி. ஆனாலும் நாம் பேசிய பேச்சுகளை நினைத்தால் சந்தோஷமாக இருக்கிறது என்று எழுதிவிட்டு, செத்துப்போன நண்பர் மெட்ரோடோரஸின் பிள்ளைகளைப் பார்த்துக்கொள் என்று முடிக்கிறார். அரிஸ்டாட்டிலும் எழுதியிருக்கிறார்: கண் ஒரு பிராணியாக இருந்தால் பார்வைதான் அதன் ஆன்மா என்று. அழகு, ஆனால் அவர் பக்கம் போக எனக்கு இன்னும் ஒரு வருஷமும் வேறு கண்ணாடியும் வேண்டும்.

சாயங்காலத்துக்கு வருகிறேன். செத்த பிறகு பெண்களுக்கு உடம்பைக் கழுவும் வேலை வேண்டாம் என்று சாக்ரடீஸ் தானே குளித்துவிட்டு வருகிறார். உங்களை எப்படிப் புதைப்பது என்று கேட்கிறார் பழைய நண்பர் கிரிட்டோ. உங்கள் இஷ்டம்போல, நான் கையில் அகப்பட்டால், என்று சிரிக்கிறார். மலைமேல் இன்னும் வெயில் இருக்கிறது, அவசரமில்லை என்று கிரிட்டோ கெஞ்சியும் கேட்காமல் கிண்ணத்தை வாங்கிக் குடிக்கிறார். கால் கனக்கும்வரை நடக்கிறார். படுக்கிறார். விஷம் கொடுத்த ஆள் பாதத்தை அழுத்தி, தெரிகிறதா என்று கேட்கிறான். சில்லிப்பு காலிலிருந்து மேலே ஏறுகிறது. முகத்தை மூடியிருந்த துணியை விலக்கி, "கிரிட்டோ, அஸ்கிலீபியஸுக்கு ஒரு சேவல் கடன் இருக்கிறது. மறக்காமல் கொடுத்துவிடுங்கள்" என்கிறார். அதுதான் கடைசிப் பேச்சு. அஸ்கிலீபியஸ் நோய் தீர்க்கும் தெய்வம். வாழ்க்கையே வியாதி என்று சொல்லிவிட்டுப் போனார் என்று ஜெர்மன் தத்துவக்காரர் நீட்சே கோபித்துக்கொண்டார். அந்தச் சேவலுக்கு இன்றுவரை ஆளுக்கொரு அர்த்தம் சொல்கிறார்கள். வேண்டுதல் பாக்கி இருந்திருக்கும், அவ்வளவுதான் என்று எனக்குத் தோன்றுகிறது.

இனி ஆச்சி. ஃபீடோ சொன்ன மாதிரியே சொல்கிறேன்.

வியாழக்கிழமை. நான், அப்பா, பெரிய மாமா, எதிர்வீட்டு அத்தை இருந்தோம். சித்தி மதுரையிலிருந்து வந்துகொண்டிருந்தாள். நீ இல்லை. காலையில் இரண்டு கரண்டி காபி இறங்கியது. தலை சீவச் சொன்னார்கள், சீவி முடிந்துவிட்டேன். பத்து மணிக்கு உன் போட்டோவைக் காட்டினேன். பார்த்தார்கள், கண்ணாடி இல்லை, யாரென்று தெரிந்ததா தெரியவில்லை. மத்தியானம் வரை என் விரலைப் பிடித்திருந்தார்கள். கால்தான் முதலில் சில்லிட்டது. மூன்று மணி இருக்கும், கண்ணைத் திறந்து, "புறவாசல் கதவைச் சாத்திட்டியா? பூனை வந்துரும்" என்றார்கள். சாத்திட்டேன்மா என்றேன். சாத்தவில்லை. எழுந்து போய்ச் சாத்திவிட்டு வந்தேன். வருவதற்குள் முடிந்திருந்தது. நானும் அந்த நிமிஷம் பக்கத்தில் இல்லை, குமரா. இதை இதுவரை யாரிடமும் சொல்லவில்லை.

புத்தகத்தைக் கூரியரில் போட்டிருக்கிறேன். உன் பென்சில் கோடு நின்ற இடத்திலிருந்து என் கோடு ஆரம்பிக்கும், சிவப்பு மை. கூடவே கொஞ்சம் நார்த்தங்காய் ஊறுகாயும் இருக்கிறது. ஆச்சி போட்டது, இந்த ஒரு பாட்டில்தான் மிச்சம்.

அன்புடன்,
அம்மா