தோணிக்காரன் மகளுக்கு

தூத்துக்குடி

அன்பு மகளுக்கு அப்பா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். அம்மாவுக்கு முழங்கால் வலி முன்னைக்குக் குறைவு.

கப்பலில் துரு சுரண்டுவதும் பெயின்ட் அடிப்பதுமே வேலையாகக் கிடக்கிறது, கப்பலை ஓட்டுகிற பிரிட்ஜ் பக்கம் விடுவதே இல்லை என்று எழுதியிருந்தாய். பொம்பளப் பிள்ளைக்கு எதுக்குக் கப்பல் என்று கூட இருக்கிற ஒருத்தர் சொன்னதையும் படித்தேன். எனக்கு ஆறுதல் சொல்ல வராது. ஒருத்தியைப் பற்றிச் சொல்கிறேன், கேள்.

நம்ம நேவியில் இருந்த அபிலாஷ் டோமி இரண்டாவதாக வந்தாரே, கோல்டன் குளோப் ரேஸ் என்கிற பாய்ப்படகுப் போட்டி, ஞாபகம் இருக்கா? துறைமுகத்தில் எல்லாரும் அவரைப் பற்றியே பேசினோம். முதலில் வந்தது யார் என்று நான் பிறகுதான் தேடிப் படித்தேன். கிர்ஸ்டன் நியூஷாஃபர். தென்னாப்பிரிக்காக்காரி. பிறந்தது பிரிட்டோரியாவில், கடலே இல்லாத ஊர்.

பிரான்சில் லெ சாப்ளே தொலோன் என்கிற துறையிலிருந்து கிளம்பி, எங்கேயும் கரை பிடிக்காமல், தனி ஆளாக உலகத்தைச் சுற்றி அங்கேயே திரும்பணும். ஜி.பி.எஸ். பெட்டியை சீல் வைத்துக் கொடுத்துவிடுவார்கள். சூரியனை அளந்து இருக்கிற இடம் கண்டுபிடிக்க நீ படித்த அதே செக்ஸ்டன்ட், காகிதத்தில் கடல் வரைபடம், காற்றை வைத்தே சுக்கானைப் பிடிக்கிற விண்ட்வேன், இவ்வளவுதான் துணை. படகு 36 அடிக்கு மேல் போகக்கூடாது. நம்ம தோணியில் பாதிகூட வராது! 2022 செப்டம்பர் 4-ஆம் தேதி 16 பேர் கிளம்பினார்கள். வழியில் எங்கேயும் நிற்காமல் முடித்தது 3 பேர்.

இவள் திடீரென்று வந்து ஜெயித்தவள் இல்லை. 22 வயதில் ஐரோப்பாவிலிருந்து தென்னாப்பிரிக்கா வரை தனியாக சைக்கிளில் போனவள். பிறகு அடுத்தவர் படகுகளை ஊர் ஊராகக் கொண்டு சேர்க்கிற வேலை. தெற்கே பனிக்கடலில் ஆட்களை ஏற்றிப் போகிற வேலை. ரேஸுக்காக மின்னஹஹா என்ற பழைய படகை வாங்கி, கனடாவில் பிரின்ஸ் எட்வர்ட் தீவில் வைத்து ஒரு வருஷம்போல சீர் பண்ணினாள். நீ சலிப்பாக எழுதின வேலைதான். எந்த ஆணி எங்கே இருக்கிறது என்று இருட்டில் கை வைத்துச் சொல்லத் தெரிந்தால்தான் அந்தக் கடலில் படகு பேச்சைக் கேட்கும். உன் கப்பலையும் அப்படித் தெரிந்துகொள் என்றுதான் சொல்ல வந்தேன்.

நவம்பரில் நடந்ததைத்தான் நான் திரும்பத் திரும்பப் படித்தேன். அதே ரேஸில் வந்த பின்லாந்துக்காரர் டாபியோ லெத்தினன், அறுபதைத் தாண்டின மனுஷன், தென்னாப்பிரிக்காவுக்குத் தென்கிழக்கே போய்க்கொண்டிருக்கும்போது பின்பக்கமாகத் தண்ணீர் புகுந்து, அவர் படகு சில நிமிஷத்தில் மூழ்கிவிட்டது. உயிர் காக்கிற மிதவை, லைஃப் ராஃப்டில் ஏறிக்கொண்டார். சுற்றுவட்டாரத்தில் ஆள் கிடையாது. இவள் கிட்டத்தட்ட 100 கடல்மைல் தூரத்தில் இருந்தாள். செய்தி வந்ததும் படகைத் திருப்பி, ராத்திரி முழுக்கக் கையாலேயே சுக்கான் பிடித்துப் போனாள். கிட்டே வந்த பிறகும் ராஃப்ட் கண்ணில் படவில்லை. அலை தூக்கும்போது தெரிகிற சாமான், பள்ளத்தில் இறங்கியதும் காணாமல் போகும், உனக்குத் தெரியாததா. அவருக்குத்தான் இவள் பாய் முதலில் தெரிந்தது. ரேடியோவில் திசை சொல்லிச் சொல்லி வரவழைத்தார். ஏற்றிக்கொண்டதும் இரண்டு பேரும் ஆளுக்கொரு மடக்கு ரம் குடித்தார்களாம். சரிதான், வேறென்ன செய்வது.

பிறகு அவரை ஏற்றிக்கொள்ள வந்தது எது தெரியுமா? தர்யா காயத்ரி என்ற பல்க் கேரியர், மொத்தச் சரக்கு ஏற்றுகிற கப்பல். உன் கப்பல் மாதிரிதான். ஏணியைப் பிடித்து அவர் மேலே ஏறினதும் இவள் பாயைச் சரிசெய்து ரேஸுக்குத் திரும்பிவிட்டாள். அன்றைக்கு அந்தக் கப்பலிலும் டெக்கில் நின்று கயிறு போட ஆள் இருந்திருக்கணும் இல்லையா? அதை நினைத்துக்கொண்டேன்.

காப்பாற்றின நேரத்துக்காக 35 மணி நேரம் கணக்கில் கழித்துக் கொடுத்தார்கள். புயலைவிடக் கஷ்டம் அட்லான்டிக்கில் திரும்பி வரும்போதுதான் வந்தது. காற்று விழுந்துபோச்சு. பாய்க் காலத்தில் தோணியில் இருந்தவனுக்கு அந்த எரிச்சல் தெரியும். கொழும்பு வெளிச்சம் கண்ணுக்குத் தெரியும், போக வழி இருக்காது. இவள் கடலில் குதித்து நீந்தினாள், படகின் அடியில் ஒட்டின கொட்டலசைச் சுரண்டினாள். அவளும் சுரண்டினாள், பார்த்தாயா!

2023 ஏப்ரல் 27-ஆம் தேதி, 235 நாள் கழித்து, கரையைப் பார்த்தபடியே ஊர்ந்து வந்து ரேஸ் முடிகிற கோட்டைத் தாண்டினாள். ஜெயித்தது அப்புறம்தான் அவளுக்கே தெரிந்தது. ஆப்பிரிக்கா, ஆஸ்திரேலியா, தென்னமெரிக்கா என்று மூன்றின் தென்முனைகளையும் சுற்றுகிற உலக ரேஸில் பெண் ஒருத்தி முதலில் வந்தது அதுதான் முதல் தடவை.

இதையெல்லாம் எழுதிவிட்டு, அந்த ஆள் சொன்னதைப் பொறுத்துக்கொண்டு போ என்று நான் சொல்லமாட்டேன். மறுபடி பேசினால் சீஃப் ஆபீசரிடம் நேராகப் போய்ச் சொல், தேதி போட்டு எழுதியும் வை. பிரிட்ஜ் டியூட்டி கேட்டு வாங்கவேண்டியதும் நீதான். மத்தியானம் சூரியன் எடுக்க ஒரு தடவை செக்ஸ்டன்டைக் கையில் கொடுங்கள் என்று கேளேன்.

ராத்திரி எந்நேரமானாலும் சிக்னல் கிடைத்தால் போன் போடு. அம்மா கருவாடு பொதிந்து வைத்திருக்கிறாள். அடுத்து எந்தத் துறை, யாரிடம் கொடுத்துவிடலாம் என்று எழுது. பிரிட்ஜில் விட்டார்களா என்பதையும் எழுது.

இப்படிக்கு,
அப்பா