தாடி விவகாரம்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி குறைந்ததில் மகிழ்ச்சி. இங்கே வேலூரில் காலை எட்டு மணிக்கே வெயில் சுடுகிறது. அதனால் நடைப்பயிற்சியை ஆறு மணிக்கு மாற்றினேன். வம்பு அங்கேதான் பிடித்தது.

கோட்டைப் பூங்காவில் மரத்தடியில் ஒரு சிமெண்ட் பெஞ்சு. நடந்து முடித்ததும் ரிட்டயர்டு ஆசாமிகள் நான்கு பேர் அதில் உட்காருவோம். பட்டா எங்கள் பேரில் இல்லை, நினைப்பு மட்டும் அப்படி. ஒரு வாரமாக அங்கே ஒரு பையன். குரூப் 4 தேர்வுக்குப் படிக்கிறானாம். பெஞ்சு முழுக்கப் புத்தகமும் ஜெராக்ஸ் கட்டும். காதில் கடுக்கன், முகம் நிறையத் தாடி. எங்களைப் பார்த்தும் நகரவில்லை.

நாங்களும் சும்மா விடவில்லை. பக்கத்தில் நின்றே பென்ஷனையும் அரசியலையும் உரக்கப் பேசினோம். அவன் காதில் பஞ்சு அடைத்துக்கொண்டான். எனக்கு வந்ததே கோபம்!

"தம்பி, கவர்மென்ட் வேலைக்குப் போகிற முகமா இது? தாடியை எடு, கடுக்கனைக் கழற்று" என்றேன்.

பஞ்சை எடுத்துவிட்டு நிதானமாகச் சொன்னான்: "தாத்தா, இதே கோட்டையில் வெள்ளைக்காரனும் இதைத்தான் சொன்னான்."

தாத்தா என்றதே சுருக்கென்றது. பிறகு நோட்டைப் புரட்டிக் காட்டினான். சிப்பாய்கள் நெற்றியில் குறி இடக்கூடாது, சீருடையில் கடுக்கன் கூடாது, தாடியை மழிக்க வேண்டும், தோல் வைத்த புதுத் தலைப்பாகை அணிய வேண்டும் என்று உத்தரவாம். அதில் மூண்டதுதான் 1806 ஜூலை 10 விடியற்காலைப் புரட்சி. நானோ கொழுப்பு தடவிய தோட்டாதான் காரணம் என்று பேரனுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். கேட்டதற்கு, "அது 1857" என்றான். மக்கான் சந்திப்பில் அந்தப் புரட்சிக்காக வைத்த நினைவுத்தூணைத் தினமும் தாண்டி வருகிறவன் நான்! கூட இருந்த மூவரும் சிரித்தார்கள் பார், அதைத்தான் தாங்க முடியவில்லை.

மறுநாள் புத்தகங்களைப் பாதி பெஞ்சுக்கு ஒதுக்கியிருந்தான். இரண்டு பேர் உட்கார, இரண்டு பேர் நிற்க, முறை வைத்து ஓட்டுகிறோம். அரசியல் மட்டும் இப்போது மெதுவாக. விஏஓ ஆனதும் பெஞ்சுக்குப் பட்டா போட்டுத் தருகிறானாம், கொழுப்பைப் பார்.

தாடியை அவன் இன்னும் எடுக்கவில்லை. நானும் நான்கு நாளாக ஷேவ் செய்யவில்லை. சோம்பல்தான், நீ வேறு அர்த்தம் எடுக்காதே.

அடுத்த மாதம் வா. முள்ளுக் கத்திரிக்காய் வாங்கி வைக்கிறேன்.

அன்புடன்,
உன் பழைய கூட்டாளி