பெயர் விடுபட்ட படத்தொகுப்பாளர்

ஆசிரியருக்கு வணக்கம்.

ஜெர்மானிய இயக்குநர் விம் வெண்டர்ஸ் பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரை சிறப்பாக இருந்தது. ஆனால் அவருடைய படத்தொகுப்பாளர் பீட்டர் பிர்ஷிகோடாவின் பெயர் ஓரிடத்தில்கூட இல்லாதது உறுத்தியது.

1941-இல் பெர்லினில் பிறந்து 2011-இல் காலமான அவர், 1970-இல் வெண்டர்ஸின் முதல் முழுநீளப் படத்தில் தொடங்கி 2008-இல் வந்த 'பலெர்மோ ஷூட்டிங்' வரை, இடைவெளிகள் இருந்தாலும், அந்த இயக்குநருடன் கிட்டத்தட்ட 40 ஆண்டுகள் பணியாற்றியவர். வேறு இயக்குநர்களுக்கும் தொகுத்திருக்கிறார்; ஷ்லோன்டார்ஃப், ஃபான் ட்ரோட்டா இருவரும் 1975-இல் இயக்கிய 'கதரீனா ப்ளூம்' படம் அவற்றுள் ஒன்று.

1984-இல் கான் திரைப்பட விழாவில் தங்கப்பனை விருது வென்ற, பிர்ஷிகோடா தொகுத்த வெண்டர்ஸின் 'பாரிஸ், டெக்சாஸ்' படத்தில், ஒருபக்கம் மட்டுமே தெரியும் கண்ணாடிக்கு இப்பால் அமர்ந்த கணவன் தொலைபேசியில் மெல்லப் பேச, அப்பால் மனைவி அவன் யாரென்று சிறிது சிறிதாக உணரும் காட்சியை நினைத்துப் பாருங்கள். கணவனின் முகநிழல் கண்ணாடியில் அவள் முகத்தின்மேல் படியும்வரை அவசரப்படாமல் காத்திருக்கும் பொறுமையில், ஒளிப்பதிவாளர் ராபி முல்லருக்கு உள்ள பங்கு கத்தரிக்கோலைக் கீழே வைக்கத் தெரிந்தவருக்கும் உண்டு (வெட்டுவதைவிட வெட்டாமல் இருப்பதுதான் கடினம் என்பது என் எண்ணம்). முல்லரைக் கட்டுரையாளர் மறவாமல் பாராட்டியிருக்கிறார். அந்த வரியிலேயே பிர்ஷிகோடாவையும் சேர்த்திருக்கலாம்.

தங்கள் நெடுநாள் வாசகர்